தீர்ப்பு கையில் இருக்கிறது, ஆணை வரவில்லை: அவமதிப்பு மனுவா, வேறு வழியா?

உயர்நீதிமன்றத்தில் அரசுக்கு எதிராக வழக்கு ஜெயித்த பலருக்கு உண்மையான அலைச்சல் அதற்குப் பிறகுதான் தொடங்குகிறது. "உத்தரவு நகல் கிடைத்த நாளிலிருந்து 12 வாரங்களுக்குள்" என்று நீதிபதி எழுதியிருப்பார். அந்த 12 வாரமும் போய்விடும். அலுவலகத்தில் கேட்டால் கோப்பு மேலே போயிருக்கிறது என்பார்கள். மேலே கேட்டால், மேல்முறையீடு செய்யலாமா என்று அரசு வழக்கறிஞரிடம் கருத்து கேட்டிருப்பதாகச் சொல்வார்கள். ஓய்வூதியப் பாக்கிக்காகக் காத்திருக்கும் எழுபது வயதுக்காரருக்கு இந்தப் பதிலைக் கேட்டுக்கொண்டு வீடு திரும்புவது எவ்வளவு கொடுமை என்று சொல்ல வேண்டியதில்லை.

இந்த இடத்தில் பெரும்பாலானவர்களுக்கு முதலில் கிடைக்கும் ஆலோசனை, "கன்டெம்ப்ட் (நீதிமன்ற அவமதிப்பு மனு) போடு, ஓடி வருவார்கள்" என்பது. சில வழக்குகளில் அது சரியான ஆலோசனை. சில வழக்குகளில் அதைவிடத் தவறான ஆலோசனை கிடையாது. எது எந்த வழக்குக்குப் பொருந்தும் என்பதை வழக்கறிஞரைப் பார்க்கப் போகும் முன்பே ஓரளவு நாமே தெரிந்துகொள்ளலாம். தெரிந்துகொண்டு போனால் பணமும் மிச்சம், அதைவிட முக்கியமாக நாளும் மிச்சம்.

உத்தரவின் கடைசிப் பத்தி

தீர்ப்பு பத்துப் பக்கம் இருக்கலாம். அரசைக் கட்டுப்படுத்துவது பெரும்பாலும் கடைசிப் பத்திதான். முந்தைய பக்கங்களில் நீதிபதி உங்கள் பக்க நியாயத்தை எவ்வளவு விரிவாக ஒப்புக்கொண்டிருந்தாலும், கடைசியில் "மனுதாரரின் கோரிக்கையைப் பரிசீலித்து, தகுதியின் அடிப்படையில், சட்டப்படி தக்க ஆணை பிறப்பிக்க வேண்டும்" என்று முடித்திருந்தால், உங்களுக்குக் கிடைத்தது பணமோ பதவியோ அல்ல. ஒரு பதில் கிடைக்கும் உரிமை மட்டுமே.

தமிழ்நாட்டு அரசு ஊழியர், நில உரிமையாளர் வழக்குகளில் மிக அதிகமாகப் பார்க்கக் கிடைப்பது இந்த வகை உத்தரவுதான். அதிகாரி மூன்றாவது மாதம் ஒரு செயல்முறை ஆணை போட்டு, "விதிகளில் இடமில்லாததால் கோரிக்கை நிராகரிக்கப்படுகிறது" என்று எழுதி அனுப்பிவிட்டால், உத்தரவு நிறைவேற்றப்பட்டதாகவே ஆகிவிடும். அந்த நிராகரிப்பு தப்பாகவே இருக்கலாம். அப்போதும் அது அவமதிப்பு ஆகாது, புது வழக்குக்கான காரணம் மட்டுமே என்று உச்சநீதிமன்றம் 1996-ல் ஜே.எஸ். பரிஹார் வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

இன்னொரு வகை, "12 வாரங்களுக்குள் மனுதாரருக்குத் தேர்வு நிலை ஊதியம் நிர்ணயித்து நிலுவையை வழங்க வேண்டும்" என்பது போன்ற நேரடி உத்தரவு. என்ன செய்ய வேண்டும், யார் செய்ய வேண்டும், எப்போதைக்குள் செய்ய வேண்டும் என்ற மூன்றும் அதில் இருக்கும். அவமதிப்பு மனுவுக்கு உண்மையான பலம் இந்த வகையில்தான்.

மூன்றாவது வகை, சிவில் நீதிமன்றமோ தீர்ப்பாயமோ ஒரு தொகையைக் குறிப்பிட்டுக் கொடுத்த தீர்ப்பாணை. நில எடுப்பில் கூடுதல் இழப்பீடு, சாலை விபத்து இழப்பீடு எல்லாம் இதில் வரும். அதன் பாதையே வேறு.

அவமதிப்பு மனு: என்ன கிடைக்கும், என்ன கிடைக்காது

உயர்நீதிமன்றத்துக்கு இந்த அதிகாரம் அரசியல் சாசனத்தின் 215-வது பிரிவிலிருந்து வருகிறது. நடைமுறையைச் சொல்வது 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம். நீதிமன்ற உத்தரவை வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்தில் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே மீறுவதும் அந்தச் சட்டப்படி சிவில் அவமதிப்பு. அரசு வழக்கறிஞர் "நான்கு வாரத்தில் செய்துவிடுகிறோம்" என்று சொல்லி அதை நீதிபதி பதிவு செய்திருந்தால், அந்த வரியும் உங்களுக்கு ஆயுதம்தான்.

இதன் எல்லா வாதமும் "வேண்டுமென்றே" என்ற சொல்லைச் சுற்றியே நடக்கும். நிதித்துறை ஒப்புதல் வரவில்லை, முந்தைய அதிகாரி மாறிப் போய்விட்டார், உத்தரவை நாங்கள் வேறு விதமாகப் புரிந்துகொண்டோம் என்பதெல்லாம் வேண்டுமென்றே செய்யவில்லை என்று காட்டுவதற்கான பதில்கள். உத்தரவின் வாசகத்துக்கு நியாயமான இரண்டு பொருள் கொள்ள இடமிருந்தால், அதிகாரியைத் தண்டிக்க முடியாது. அதனால்தான் கடைசிப் பத்தி எவ்வளவு துல்லியமோ, மனு அவ்வளவு வலுவானது.

தண்டனை என்று பார்த்தால் அதிகபட்சம் ஆறு மாதச் சாதாரணச் சிறை, அல்லது 2,000 ரூபாய் அபராதம், அல்லது இரண்டும். மனப்பூர்வமாக மன்னிப்புக் கேட்டு, நீதிமன்றம் அதை ஏற்றால் தண்டனையே இல்லாமல் போகலாம். 1971-ல் எழுதிய அந்த 2,000 ரூபாய் இன்று எந்த அதிகாரியையும் உறுத்தாது. உறுத்துவது வேறு: மனு துறையின் மீது அல்ல, பெயர் குறிப்பிட்டு அந்த நபர் மீது போடப்படுகிறது. பதவியில் இருப்பவர் தன் பெயரில் நோட்டீஸ் வாங்குகிறார். நான்கு மாதம் நகராத கோப்பு விசாரணைக்கு முந்தின நாள் கையெழுத்தாகி வருவது அதனால்தான். அவமதிப்பு மனுக்களில் பெரும்பாலானவை "உத்தரவு நிறைவேற்றப்பட்டது, மனு முடித்துவைக்கப்படுகிறது" என்ற ஒரே வரியில் முடிகின்றன. உங்களுக்கு வேண்டியது அதிகாரியின் சிறைவாசம் அல்ல, உங்கள் ஆணை என்றால், அந்த ஒரு வரிதான் உங்கள் வெற்றி.

சிறை வரை போவது அபூர்வம், ஆனால் போயிருக்கிறது. கர்நாடக அரசின் செயலாளர் ஒருவருக்கு 1995-ல் உச்சநீதிமன்றம் ஒரு மாதச் சிறை விதித்தது. மகாராஷ்டிரத்தில் மரம் அறுக்கும் ஆலைகளைத் தன் உத்தரவுக்கு மாறாக இயங்க அனுமதித்ததற்காக, 2006-ல் ஓர் அமைச்சருக்கும் முதன்மைச் செயலாளருக்கும் ஒரு மாதம் விதித்தது. 2025 மே மாதம் சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமத்தின் உறுப்பினர்-செயலராக இருந்த ஐ.ஏ.எஸ். அதிகாரிக்குச் சென்னை உயர்நீதிமன்றம் ஒரு மாதச் சிறை விதித்து, 25,000 ரூபாய் இழப்பீட்டை அவர் சம்பளத்திலிருந்து பிடித்துக் கொடுக்கச் சொன்னது. மேல்முறையீட்டில் அந்தத் தண்டனைக்குத் தடை கிடைத்தது. அங்கே இருந்ததும் இரண்டு மாதத்துக்குள் மனுவைப் பரிசீலித்து முடிவெடு என்ற வகை உத்தரவுதான். பரிசீலிக்கச் சொன்ன உத்தரவுக்கும் அவமதிப்பு உண்டு, அதிகாரி எந்தப் பதிலும் தராமல் உட்கார்ந்திருந்தால்! ஒரு பதில், எந்தப் பதிலாக இருந்தாலும், வந்துவிட்டால் கதை மாறிவிடும்.

அதே 2025 மே மாதம், உயர்நீதிமன்றத் தடையை மீறி ஏழைகளின் குடிசைகளை இடித்த ஆந்திர அதிகாரியை, துணை ஆட்சியர் பதவியிலிருந்து தாசில்தாராக இறக்கும்படி உச்சநீதிமன்றம் உத்தரவிட்டது. கூடவே ஒரு லட்சம் ரூபாய் அபராதம். சட்டத்தை விட நான் பெரியவன் என்று நினைத்த ஒருவர் தன் பணிவாழ்க்கையிலேயே அதற்கு விலை கொடுத்தது எனக்கு நியாயமாகவே படுகிறது.

இதற்கு மறுபக்கமும் உண்டு. முன்பெல்லாம் "செயலாளர் நேரில் ஆஜராக வேண்டும்" என்ற ஒரு வரிக்கே கோட்டை ஆடும். 2023-ல் அலகாபாத் உயர்நீதிமன்றம் உத்தரப்பிரதேச நிதித்துறை அதிகாரிகளைக் காவலில் எடுக்கச் சொன்ன விவகாரம் உச்சநீதிமன்றம் வரை போனது. 2024 ஜனவரி 3 அன்று உச்சநீதிமன்றம் அரசு அதிகாரிகளை அழைப்பதற்கு ஒரு வழிகாட்டு நடைமுறையை வகுத்தது. வழக்கமாக நேரில் கூப்பிடக் கூடாது, தேவைப்பட்டால் முதலில் காணொளி, அவகாசம் கேட்டால் பரிசீலிக்க வேண்டும் என்பது அதன் சாரம். அதிகாரிகளை அவமானப்படுத்துவதைத் தடுக்க வந்த ஏற்பாடு இது, அதில் தவறில்லை. ஆனால் மனு போட்டவுடனே கோப்பு பறக்கும் என்று எதிர்பார்த்த சாதாரண மனுதாரரின் பிடி இதனால் கொஞ்சம் தளர்ந்திருக்கிறது என்பதையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

இன்னும் இரண்டு வரம்புகள். ஒன்று, அவமதிப்பை விசாரிக்கும் நீதிபதி பழைய உத்தரவில் இல்லாத எதையும் புதிதாகத் தர முடியாது. நம் சென்னை உயர்நீதிமன்றத்திலிருந்து போன ஓ.என்.ஜி.சி. ஊழியர் வழக்கில், கூடுதல் பணியிடங்கள் உருவாக்கி வேலை கொடுக்கும்படி அவமதிப்பு விசாரணையில் போட்ட உத்தரவை 2014-ல் உச்சநீதிமன்றம் ரத்து செய்தது இதற்காகத்தான். மற்றொன்று, மனுவை நீதிபதி முடித்துவைத்துவிட்டால் அவமதிப்புச் சட்டத்தின் 19-வது பிரிவில் உங்களுக்கு மேல்முறையீடு இல்லை. அந்த உரிமை தண்டிக்கப்பட்டவருக்கு மட்டுமே. உங்களுக்கு மிஞ்சுவது உச்சநீதிமன்றத்தில் சிறப்பு அனுமதி மனு, அதன் செலவு எல்லோருக்கும் தாங்காது.

காத்திருத்தலும் நினைவூட்டல் கடிதமும்

இதை ஒரு வழியாகவே எண்ணிப் பலர் இருந்துவிடுகிறார்கள். குறிப்பாக இன்னும் பணியில் இருப்பவர்கள். தன் மேலதிகாரியின் பெயரில் அவமதிப்பு மனு போட்டுவிட்டு அதே அலுவலகத்தில் எப்படி வேலை பார்ப்பது என்ற பயம் வெறும் கற்பனை அல்ல. அதை நான் குறை சொல்லமாட்டேன்.

ஆனால் ஒரு கணக்கு இருக்கிறது. அவமதிப்புச் சட்டத்தின் 20-வது பிரிவு ஓராண்டுதான் தருகிறது. உத்தரவில் சொன்ன கெடு முடிந்த நாளிலிருந்து எண்ண வேண்டும். ஓராண்டுக்குள் மனுவைத் தாக்கல் செய்துவிட்டால் போதும் என்று 2001-ல் பல்லவ் சேத் வழக்கில் உச்சநீதிமன்றம் சொன்னது. நீங்கள் அனுப்பும் நினைவூட்டல் கடிதம் எதுவும் அந்த ஓராண்டை ஒரு நாள்கூட நீட்டாது. நிறைவேற்றாத ஒவ்வொரு நாளும் புது அவமதிப்புதானே, தொடரும் தவறுதானே என்ற வாதம் ரொம்ப நாளாக ஓடிக்கொண்டிருந்தது. தெலங்கானாவிலிருந்து போன எஸ். திருப்பதி ராவ் வழக்கில் 2024-ல் உச்சநீதிமன்றம் அந்தக் கதவையும் பெரிதாகச் சாத்திவிட்டது. உத்தரவை நிறைவேற்றாமல் விடுவதெல்லாம் தானாகவே தொடரும் தவறாகிவிடாது.

அதனால் காத்திருப்பது என்றால் தேதி போட்டுக் காத்திருங்கள். தீர்ப்பின் சான்றிட்ட நகலை ஒப்புகையுடன் அனுப்பி, அந்த ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள். உத்தரவு அவருக்குத் தெரிந்தே மீறினார் என்று காட்ட அதுதான் முதல் சான்று. அதிகாரி மாறினால் புதியவருக்கும் ஒரு நகல் போக வேண்டும், இல்லையென்றால் "எனக்குத் தெரியாது" என்று அவர் தப்பிக்கலாம். இடையில் தகவல் உரிமைச் சட்டத்தில் ஒரு மனு போட்டு, கோப்பு எந்த மேசையில் எத்தனை நாள் இருந்தது என்று கேட்டு வைப்பது நல்லது. 30 நாளில் பதில் தர வேண்டும். அந்தப் பதிலில் உள்ள தேதிகளை, "வேண்டுமென்றே செய்யவில்லை" என்ற வாதத்துக்கு எதிராகப் பின்னால் அப்படியே எடுத்து வைக்கலாம். கெடு முடிந்து ஐந்தாறு மாதத்துக்கு மேல் வெறுமனே காத்திருப்பதில் எனக்கு உடன்பாடில்லை.

மேல்முறையீடு போட்டிருக்கிறார்கள் என்று சொன்னாலும் கைகட்டி நிற்க வேண்டாம். மேல்முறையீடு தாக்கல் செய்ததாலேயே தீர்ப்புக்குத் தடை வந்துவிடாது, தடை உத்தரவு தனியாக வாங்க வேண்டும். தடை கேட்டு மனு நிலுவையில் இருந்தால் மட்டும், அதை முதலில் விசாரித்துவிட்டு அவமதிப்புக்கு வருவதே முறை என்று உச்சநீதிமன்றம் 1995-ல் சொல்லியிருக்கிறது. உங்களைக் கேட்காமல் தடை கொடுத்துவிடக் கூடாது என்றால் கேவியட் மனு ஒன்றைப் போட்டு வையுங்கள். அதற்கு 90 நாள்தான் ஆயுள், முடிந்ததும் புதுப்பிக்க வேண்டும்.

பணத் தீர்ப்பாணை என்றால் ஜப்தி

பேருந்து நிலையத்தில் அரசுப் பேருந்தை நீதிமன்ற ஊழியர்கள் ஜப்தி செய்தார்கள், கோட்டாட்சியர் அலுவலக நாற்காலி, கணினிகளைத் தூக்கிச் சென்றார்கள் என்ற செய்தி தமிழ்ப் பத்திரிகைகளில் அடிக்கடி வரும். விபத்து இழப்பீடோ நில எடுப்பு இழப்பீடோ வராதபோது, தீர்ப்பாணையைச் செயல்படுத்தித் தரும்படி நீதிமன்றத்தில் போடப்படும் நிறைவேற்றுதல் மனுவின் விளைவு அது.

தொகை குறிப்பிட்ட தீர்ப்பாணை கையில் இருந்தால் என் தேர்வு இதுதான், அவமதிப்பு அல்ல. இங்கே அதிகாரியின் மனதில் என்ன இருந்தது என்று நிரூபிக்க வேண்டியதில்லை. தொகை கட்டவில்லை என்பதே போதும். கால அவகாசமும் 12 ஆண்டு. அரசுக்கு எதிரான தீர்ப்பாணை என்றால் மூன்று மாதம் கழிந்த பிறகே நிறைவேற்ற முடியும் என்று சிவில் நடைமுறைச் சட்டத்தின் 82-வது பிரிவு சொல்கிறது, அவ்வளவுதான் தாமதம். நில எடுப்பில் கூடுதல் இழப்பீட்டுக்கு முதல் ஆண்டு 9 சதவீதம், அதன் பிறகு 15 சதவீதம் வட்டி ஓடிக்கொண்டே இருக்கும். அரசின் செயலை எதிர்த்து உயர்நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் ரிட் மனுவில் உத்தரவு வாங்கி வைத்திருப்பவருக்கு இது வழக்கமான பாதை அல்ல, அவர் இதை மறந்துவிடலாம்.

கீழமை நீதிமன்றத்தின் இடைக்காலத் தடையை நகராட்சியோ ஊராட்சியோ மீறினால், அதற்கும் சிவில் நடைமுறைச் சட்டத்திலேயே 39-வது கட்டளையின் 2ஏ விதி இருக்கிறது. சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறை. அதை விட்டுவிட்டு உயர்நீதிமன்றத்துக்கு ஓட வேண்டிய அவசியம் பெரும்பாலும் இல்லை.

விபத்து இழப்பீடு போன்றவற்றில் மக்கள் நீதிமன்றத்தில் உட்கார்ந்து பேசுவதும் உண்டு. தொகையில் கொஞ்சம் விட்டுக்கொடுக்க வேண்டியிருக்கும், ஆனால் அந்த முடிவுக்கு மேல்முறையீடு கிடையாது. மருத்துவக் கடன் கழுத்தை நெரிக்கும் குடும்பத்துக்கு அது பெரிய நிம்மதி.

விளக்கம் கேட்பதா, புது ரிட்டா

உத்தரவின் வாசகமே தெளிவில்லாமல் இருந்தால் அவமதிப்பு எப்படிப் போகும் என்பதற்குக் காவிரி வழக்கைவிட நல்ல உதாரணம் இல்லை. 2018 பிப்ரவரி 16 அன்று உச்சநீதிமன்றம் தீர்ப்பு சொல்லி, ஆறு வாரத்துக்குள் ஒரு செயல்திட்டத்தை மத்திய அரசு வகுக்க வேண்டும் என்றது. கெடு மார்ச் 29-ல் முடிந்தது. தமிழ்நாடு அவமதிப்பு மனு போட்டது. மத்திய அரசோ, செயல்திட்டம் என்று எதைச் சொல்கிறீர்கள் என்று விளக்கமும் மூன்று மாத அவகாசமும் கேட்டு மனு போட்டது. மே 18-ல் வரைவுத் திட்டத்தை நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது, ஜூன் 1-ல் அரசிதழில் வந்தது. யாரும் தண்டிக்கப்படவில்லை. டெல்டா விவசாயிகள் கொதித்துக்கொண்டிருந்த அந்த இரண்டு மாதத்தை மத்திய அரசு ஒரு விளக்க மனுவில் கடத்தியது எனக்கு இன்றும் ஆறாத கோபம். ஆனாலும் அவமதிப்பு மனு இல்லாமல் இருந்திருந்தால் ஜூன் மாதத்திலாவது வந்திருக்குமா என்பது சந்தேகமே.

ஒரு மாநில அரசுக்கே இந்தக் கதி என்றால் தனி மனிதருக்கு? தீர்ப்பு வந்த வாரமே கடைசிப் பத்தியைப் படித்து, கெடு இல்லை, யார் செய்ய வேண்டும் என்று இல்லை, தொகை பற்றி இரண்டு விதமாகப் புரிகிறது என்றால், உடனே வழக்கறிஞரிடம் சொல்லி அதே நீதிபதி முன் திருத்தமோ விளக்கமோ கேளுங்கள். சில வாரங்களில் முடியும் வேலை. ஓராண்டு கழித்து அவமதிப்பு விசாரணையில் போய் அந்த வாசகத்தைத் திருத்த முடியாது.

நிராகரித்து ஆணை வந்துவிட்டதா? அப்போது தயங்க வேண்டாம், அந்த ஆணையை எதிர்த்துப் புது ரிட் மனு போடுங்கள். அவமதிப்பு மனுவைப் பிடித்துத் தொங்குவது இந்த இடத்தில் வீண். புது ரிட்டில் முதல் தீர்ப்பில் நீதிபதி எழுதிய காரணங்களை எல்லாம் எடுத்துக்காட்டி, இந்த முறை "பரிசீலி" என்று திருப்பி அனுப்பாமல் "வழங்கு" என்றே உத்தரவு கேளுங்கள். ஆனால் பழைய காலாவதியான கோரிக்கைக்கு "பரிசீலி" உத்தரவு வாங்கி அதை வைத்து உயிர் கொடுக்க முடியாது. தமிழ்நாட்டுக் கனிம வளத்துறை ஊழியர் ஒருவரின் வழக்கில் 2008-லேயே உச்சநீதிமன்றம் அதைச் சொல்லிவிட்டது.

அப்படியானால் யாருக்கு எது?

நேரடி உத்தரவு, தெளிவான கெடு, நகல் போய்ச் சேர்ந்த ஒப்புகை இவை மூன்றும் இருந்தால் அவமதிப்பு மனுதான். கெடு முடிந்ததும் வழக்கறிஞர் மூலம் ஒரு நோட்டீஸ் அனுப்பி, நான்கு வாரம் பாருங்கள், அப்புறம் தாக்கல் செய்துவிடுங்கள். அந்த நோட்டீசே வேலையை முடித்துவிடுவதும் உண்டு.

பரிசீலிக்கச் சொன்ன உத்தரவுக்கு எந்தப் பதிலும் வராவிட்டாலும் அவமதிப்பு மனு போடலாம். ஆனால் அது உங்களுக்கு ஒரு பதிலை மட்டுமே வாங்கித் தரும், அது நிராகரிப்பாகவே இருக்கலாம் என்று மனதைத் தயார் செய்துகொண்டு போடுங்கள். புது ரிட்டுக்கான ஆவணங்களை அப்போதே எடுத்து வைக்கத் தொடங்கிவிடுங்கள். பணத் தீர்ப்பாணைக்கு நிறைவேற்றுதல் மனு. பணியில் இருந்துகொண்டு தயங்குபவர்கள், சங்கம் மூலமாகவோ ஒரே மாதிரி உத்தரவு பெற்ற சக ஊழியர்களோடு சேர்ந்தோ நோட்டீஸ் அனுப்பிப் பார்க்கலாம். ஆனால் பதினோராவது மாதம் வந்துவிட்டால், மனு உங்கள் பெயரில் தாக்கல் ஆகியே தீர வேண்டும்.

அவமதிப்பு மனு முடித்துவைக்கப்படும் நாளில் ஒரு விஷயத்தை உங்கள் வழக்கறிஞரிடம் மறக்காமல் கேளுங்கள். அதிகாரி தாக்கல் செய்த ஆணையின் எண்ணும் தேதியும் முடிப்பு உத்தரவில் பதிவாக வேண்டும். அந்த ஆணையில் குறை இருந்தால் அதை எதிர்த்து வழக்குப் போட மனுதாரருக்கு உரிமை உண்டு என்ற வரியும் சேர வேண்டும். கேட்டால் நீதிபதிகள் பெரும்பாலும் சேர்த்துவிடுவார்கள். நிலுவைக் கணக்கில் இரண்டு ஆண்டு ஊதிய உயர்வு விட்டுப்போனது வீட்டுக்கு வந்து பார்க்கும்போதுதான் தெரியவரும், அப்போது அந்த வரி இல்லாமல் திண்டாடுபவர்கள் நிறையப் பேர்.